கெட்டிமேளத்துக்கு அடியில்

தாராவி
18-7-1967

அன்புள்ள கனகவள்ளிக்கு,

உன் புருஷன் வெயிலுமுத்து எழுதுவது. நான் நன்றாக இருக்கிறேன். நீயும் வயிற்றுப் பிள்ளையும் எப்படி இருக்கிறீர்கள் என்று தெரிந்துகொள்ள எனக்கு இந்த இன்லண்டு லெட்டரை விட்டால் வேறு வழி இல்லை. சயானில் ஏறிக் குர்லாவில் வண்டி மாறினால் செம்பூர் வந்துவிடும். அது எனக்குத் தெரியாமல் இல்லை. ஆனால் வளைகாப்பு அன்று உன் அப்பா நாலு பேர் நடுவில் வைத்து, "மைக் செட்டுக்காரனுக்கு வாயும் வாடகைக்குத்தான்" என்று சொன்னாரே, அதை நான் மறக்கவில்லை. அவராகக் கூப்பிடும்வரை அந்த வாசலை மிதிக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். சொன்னது சொன்னதுதான்.

இப்போது எழுதுவது வேறு விஷயம். ஆடி பிறந்துவிட்டது. முகூர்த்தம் கிடையாது, செட் எல்லாம் மூலையில் கிடக்கிறது. சும்மா இருக்க முடியாமல் ஞாயிற்றுக்கிழமை உல்லாஸ்நகர் போனேன். பழைய ரேடியோ சாமான் விற்கும் சிந்திக்காரர் ஒருவர், நான் கேட்ட சாமானோடு ஒரு டப்பாவையும் என் கையில் திணித்தார். "லே ஜாவ் பாய், ஹமாரே காம் கா நஹி" என்றார், தனக்கு உதவாது, கொண்டு போ என்று. சோப்பு டப்பா அளவுதான் இருக்கும். கறுப்பு. கம்பெனி பெயர் இல்லை. ஒரு பக்கம் பொடிப்பொடியாக ஓட்டைகள். ஓரத்தில் பெரிய திருகு ஒன்று, சின்னத் திருகு ஒன்று. செல் போட இடமே இல்லை. உள்ளங்கைச் சூட்டில் ஓடுகிறதோ என்னவோ.

இனி எழுதப்போவதைப் படித்தால் எனக்குப் புத்தி பிசகிவிட்டது என்று நினைப்பாய். பெரிய திருகைப் பின்பக்கமாகத் திருப்பினால், நாம் நிற்கிற இடத்தில் முன்பு கேட்ட சத்தமெல்லாம் அதில் கேட்கிறது. நேற்றுக் கேட்டது, போன வருஷம் கேட்டது, அதற்கும் முந்தியது. சின்னத் திருகு, அந்தச் சத்தங்களில் ஒன்றை மட்டும் பிடித்துக் குறைக்கும் அல்லது கூட்டும். முதலில் நம் வீட்டில் வைத்துப் பார்த்தேன். நான் கடைக்குக் கிளம்பின பிறகு நீ பாடுகிறாய். பாத்திரம் கழுவிக்கொண்டே பாடுகிறாய், நல்ல குரல். என் முன்னால் நீ ஒரு நாளும் பாடினதில்லை.

நேற்று மாதுங்கா மண்டபத்தில் ஆனி மாதம் கட்டின ஹார்ன் ஸ்பீக்கர் ஒன்றைக் கழற்றப் போனேன். வாட்ச்மேன் நம்பிராஜன் கதவைத் திறந்துவிட்டுப் படுக்கப் போய்விட்டார். நம் கல்யாணம் நடந்த மண்டபம்தானே, ஆசையாக இருந்தது. மணவறை போடும் இடத்தில் தூணுக்குப் பக்கத்தில் நின்று திருப்பினேன். ஐயர் மந்திரம் கேட்டது. உன் அப்பா "கெட்டிமேளம், கெட்டிமேளம்" என்று கத்துவது கேட்டது. அப்புறம் பூலோகம் அண்ணனின் தவில். காதைப் பிளந்தது. சத்தம் ஜாஸ்தியானால் குறைப்பதுதானே என் தொழில். கை தானாகச் சின்னத் திருகுக்குப் போய்விட்டது. மேளத்தை அடியோடு குறைத்துவிட்டேன். தும்மலோ அழுகையோ கெட்ட சொல்லோ யார் காதிலும் விழக்கூடாது என்றுதான் அந்த நேரத்தில் மேளத்தைக் கொட்டச் சொல்கிறோம். அதைக் குறைத்தால் அடியில் என்ன இருக்கும் என்று நான் யோசிக்கவில்லை.

உன் குரல் இருந்தது. "எனக்கு இந்தக் கல்யாணம் வேண்டாம்" என்று தெளிவாகச் சொன்னாய். அதற்கு மேல் கேட்க முடியாமல் டப்பாவை அமர்த்திவிட்டேன்.

அன்று நான் உன் தோளை ஒட்டித்தான் உட்கார்ந்திருந்தேன். மேளத்தில் எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. நீ குனிந்த தலை நிமிரவில்லை, நான் தாலியைக் கட்டினேன். இரண்டு வருஷமாக "சாப்பிட வாங்க", "தண்ணி வந்திருச்சு" என்பதற்கு மேல் நீ என்னிடம் பேசினதில்லை. இதுதான் காரணமா? மறைக்காமல் எழுது.

இப்படிக்கு,
வெயிலுமுத்து

*

செம்பூர்
20-7-1967

அன்புள்ள அத்தான்,

உங்கள் கடிதத்தைத் திரும்பத் திரும்பப் படித்தேன். எழுத்து உங்கள் எழுத்துதான். விஷயம் யாருடையது என்றுதான் விளங்கவில்லை. அப்பா மேல் உள்ள கோபத்தில் என்னைச் சீண்டிப் பார்க்கிறீர்களா? அப்படியென்றால் மாசமாக இருக்கிறவளிடம் செய்கிற வேலையா இது?

"எனக்கு இந்தக் கல்யாணம் வேண்டாம்" என்று நான் சொன்னேனா என்று கேட்கிறீர்கள். இதில் புதிதாகக் கேட்க என்ன இருக்கிறது? மண்டபம் முழுக்கக் கேட்டதுதானே. என்னிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்காமல் எல்லாம் நடந்துகொண்டிருந்தது. மேளத்தில் யாருக்குக் கேட்கப் போகிறது, சொல்லியாவது தீர்ப்போம் என்று நினைத்துத்தான் வாயைத் திறந்தேன். அந்த நேரம் பார்த்து மேளம் நின்றுவிட்டது. மூச்சு விடுகிற சத்தம்கூடக் கேட்கிற மாதிரி மண்டபம் அப்படியே உறைந்து போயிற்று. அப்பா "ஏட்டி, என்ன சொன்ன?" என்று கையை ஓங்கிக்கொண்டு வந்தார்.

அப்போதுதான் நீங்கள் பேசினீர்கள். உங்கள் உதடு அசையவே இல்லை. குரல் தூண் பக்கத்திலிருந்து வந்தது. உங்கள் குரல்தான், ஆனால் சளி பிடித்த குரல். கரண்டு இல்லை, மைக் செட் ஓடவில்லை, ஆனாலும் "மைக் செட்டுக்காரன் ஏதோ வித்தை காட்டுதான்" என்று ஜனங்கள் பேசிக்கொண்டார்கள். நீங்கள் என்னிடம் ஒன்று கேட்டீர்கள். நான் பதில் சொன்னேன். அதற்குள் மேளம் மறுபடி கிளம்பிவிட்டதால் என் பதில் பக்கத்தில் இருந்த உங்களுக்கு மட்டும்தான் கேட்டது. தாலி கட்டினீர்கள். எப்படிப் பேசினீர்கள் என்று எத்தனை நாள் குடைந்திருப்பேன். நீங்களும் ஒரு நாளும் விளக்கம் சொன்னதில்லை, எனக்கும் தெரியாது என்று சிரிப்பீர்கள்.

என் பாட்டை நீங்கள் கேட்டதே இல்லை என்று வேறு எழுதியிருக்கிறீர்கள். காலையில் நான் பாட ஆரம்பித்ததும் தலையணையை எறிகிறது யார்? எறிந்துவிட்டு, "நிறுத்தாத, நிறுத்தாத" என்கிறது யார்? இரண்டு வருஷமாக நான் பேசுகிற பேச்சில் பக்கத்து வீட்டுக்காரர்கள் தூக்கம் கெடுகிறது என்று நீங்கள்தானே சொல்வீர்கள்.

அந்த டப்பாவைத் தொடாதீர்கள். வெந்நீர் வைத்துக் குளியுங்கள். சட்டை காயாமல் போடாதீர்கள்.

உங்கள்,
கனகவள்ளி

*

தாராவி
22-7-1967

அன்புள்ள கனகவள்ளிக்கு,

உன் கடிதம் வந்தது. கையில் பிடித்துக்கொள்ள ஒன்றும் இல்லாத மாதிரி இருக்கிறது.

நீ எழுதினபடி எதுவும் நடக்கவில்லை. எனக்கு நன்றாக நினைவு இருக்கிறது. மேளம் நிற்கவில்லை. உன் அப்பா கையை ஓங்கவில்லை. நான் எதுவும் கேட்கவில்லை. கேட்டிருக்கவும் மாட்டேன், எனக்கு என்னைத் தெரியும். ஊருக்கெல்லாம் மைக் கட்டிக் கொடுக்கிறவன் வீட்டுக்குள் வந்தால் வாயில் பசை ஒட்டினவன். நீயும் அப்படித்தான் இருந்தாய். தலையணை எறிந்ததாக எழுதியிருக்கிறாய். அந்த ஆள் யார் என்று எனக்குத் தெரியாது. அவன் மேல் எனக்குப் பொறாமையாக இருக்கிறது. சிரிக்காதே, உண்மையாகத்தான் சொல்கிறேன்.

ஆனால் நீ பொய் சொல்லவில்லை என்பதும் தெரிகிறது. நேற்றுத் தவில்காரர் பூலோகம் அண்ணன் கடைக்கு வந்தார். முன்பெல்லாம் எப்போது வந்தாலும் சிரித்த முகம். நேற்று வாசலிலேயே நின்றுகொண்டு, "உன் கல்யாணத்தோட என் பேரு போச்சு வே" என்றார். எனக்கு ஒன்றும் புரியவில்லை. "தாலி கட்டுத நேரத்துல மேளத்தை விட்டவன்னு பம்பாயில ஒருத்தனும் என்னைக் கூப்பிட மாட்டேங்கான். நான் அடிச்சுக்கிட்டுத்தான் வே இருந்தேன். தோலு ஊமையாப் போச்சுன்னு சொன்னா எவன் நம்புதான்?" என்றார். ஊமையாக்கினது என் கட்டைவிரல் என்று அவரிடம் எப்படிச் சொல்வது? சாயா வாங்கிக் கொடுத்து அனுப்பினேன்.

இன்னொன்றும் கண்டுபிடித்தேன். கடையில் வைத்துப் போன மழைக்காலத்துச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தபோது எனக்குத் தும்மல் வந்தது. டப்பாவின் ஓட்டைக்கு நேராகத் தும்மிவிட்டேன். உடனே உள்ளேயிருந்து என் குரலே "யாருவே அது?" என்று கேட்டது. பக்கத்துக் கடை இசக்கிமுத்துவிடம் விசாரித்தேன். "போன வருசம் ஆளில்லாத கடையில யாரு யாருன்னு தேடிக்கிட்டு நின்னியே, மறந்துட்டியா?" என்கிறான். எனக்கு அப்படி ஒரு நாளே ஞாபகம் இல்லை. எனக்குப் புரிந்த மட்டில் விஷயம் இதுதான். டப்பாவில் சத்தத்தை மாற்றினாலோ அதற்குள் நாம் சத்தம் விட்டாலோ நடந்ததே மாறிவிடுகிறது. எல்லாருக்கும் மாறினதுதான் ஞாபகம். டப்பாவைக் கையில் வைத்திருந்தவனுக்கு மட்டும் பழையதே நிற்கிறது.

அப்படியென்றால் நீ என் கூட இரண்டு வருஷம் சிரித்துப் பேசி வாழ்ந்திருக்கிறாய். நான் உன் கூட இரண்டு வருஷம் ஊமையாக வாழ்ந்திருக்கிறேன். நாம் இரண்டு பேரும் ஒரே வீட்டில்தான் இருந்தோமா?

இதைப் பழையபடி ஆக்கிவிடலாமா என்று யோசிக்கிறேன். மண்டபத்துக்குப் போய் மேளத்தைக் கூட்டி வைத்தால் முடிந்தது. பூலோகம் அண்ணனுக்குப் பிழைப்பு திரும்பும். நான் செய்யாத காரியத்துக்கு உன்னிடம் பாராட்டு வாங்க வேண்டியிருக்காது. ஆனால் நீ மறுபடி "தண்ணி வந்திருச்சு" என்று மட்டும் பேசுகிறவளாகிவிடுவாய். எனக்கு அதற்கும் மனசு வரவில்லை. பேசாமல் டப்பாவை உல்லாஸ்நகர்க்காரரிடமே கொடுத்துவிட்டு வந்தால் என்ன என்று தோன்றுகிறது. நாளைக் கழித்துப் போகலாம் என்று இருக்கிறேன்.

அதற்கு முன்னால் ஒன்று மட்டும் சொல். அன்று நான் உன்னிடம் என்ன கேட்டேன்?

வெயிலுமுத்து

*

செம்பூர்
24-7-1967

அத்தான்,

என்ன கேட்டேன் என்று கேட்கிறீர்கள். இதைப் படித்ததும் எனக்கு அழுகை வந்துவிட்டது. அம்மா என்னவோ ஏதோ என்று அடுப்படியிலிருந்து ஓடி வந்தாள்.

நான் சொல்ல மாட்டேன். டப்பாவோ பேயோ, அது என்ன வேலை செய்கிறது என்பது எனக்குத் தேவையில்லை. அந்த வார்த்தையை வைத்துத்தான் நான் உங்கள் வீட்டுக்குள் காலை எடுத்து வைத்தேன். சண்டை போட்ட நாளெல்லாம் அதை நினைத்துத்தான் சமாதானமானேன். உங்களுக்கு அது ஞாபகம் இல்லையென்றால் நான் எழுதிக் காட்டி என்ன ஆகப் போகிறது? பரீட்சைக்குப் பிட் எழுதிக் கொடுக்கிற மாதிரி இருக்கும். உங்களாகச் சொல்லுங்கள். அப்போது நம்புகிறேன்.

மேளத்தை மட்டும் மறுபடி கூட்டி வைக்காதீர்கள். பூலோகம் அண்ணனுக்கு வேறு ஏதாவது வழி பார்ப்போம். என்னைப் போட்டு அந்தச் சத்தத்துக்கு அடியில் மூடாதீர்கள். நீங்கள் பழையது என்று எழுதுகிற அந்தப் பெண்ணை நினைத்தால் எனக்குப் பயமாக இருக்கிறது. பாவம், அவள் யாரிடம் போய்ப் பேசுவாள்?

அப்பா நீங்கள் ஏன் வரவில்லை என்று ஜாடையாகக் கேட்கிறார். வாய்விட்டுக் கூப்பிட அவருக்கும் வீம்பு. இரண்டு வீம்புக்கும் நடுவில் நான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.

கனகவள்ளி

*

செம்பூர்
26-7-1967

அத்தான்,

போன கடிதத்துக்குப் பதில் வருவதற்கு முன்பே எழுதுகிறேன். கோபத்தில் எழுதிவிட்டேன், மன்னித்துக்கொள்ளுங்கள். நேற்று மனசு கேட்காமல், சரி, சொல்லித்தான் விடுவோம் என்று பேனாவை எடுத்தேன். எழுத வரவில்லை. நீங்கள் என்ன கேட்டீர்கள் என்பது எனக்கே ஞாபகத்துக்கு வரவில்லை.

நாக்கு நுனியில் இருக்கிறது என்று நினைத்துப் பேனாவை மூடி வைத்தேன். பிறகு யோசித்தேன். மேளம் நின்றது. நான் சொன்னது எல்லாருக்கும் கேட்டது. அப்பா கையை ஓங்கினார். அதுவரை தெளிவாக இருக்கிறது. அதற்கு மேல் ஒன்றும் இல்லை. கன்னம் எரிகிறது. கண்ணாடியில் பார்த்தேன், சிவந்துகூட இல்லை. ஆனால் எரிகிறது.

அம்மாவிடம் போய், "அன்னைக்கு மேளம் நின்ன பொறவு என்னம்மா நடந்துச்சு?" என்று கேட்டேன். அம்மா என்னை ஒரு மாதிரி பார்த்தாள். "அதை ஏன் இப்பம் கிளறுத? உங்கப்பா ஒரு அறை விட்டாரு, நீ தலையைக் குனிஞ்ச, மாப்பிள்ளை தாலியைக் கட்டுனாரு. முடிஞ்சு போன கதை" என்றாள். போன வாரம் வரைக்கும் உங்கள் பேச்சைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தவள் அவள்தான்.

நீங்கள் தூண் பக்கமிருந்து பேசினதாக நான்தான் உங்களுக்கு எழுதினேன் என்பது ஞாபகம் இருக்கிறது. ஆனால் அந்தக் குரல் காதில் இல்லை. சாயந்திரம் பாடிப் பார்த்தேன். யாருக்காகப் பாடுகிறேன் என்று தெரியாமல் பாதியில் நின்றுவிட்டது. உங்களை நினைத்தால் நெஞ்சில் முன்பு போல ஒன்றும் பொங்கவில்லை. அதுதான் எல்லாவற்றையும்விடப் பயமாக இருக்கிறது.

அந்த டப்பாவைக் கொடுத்துவிட்டீர்களா? கொடுக்காதீர்கள். எனக்கு என்னவோ நீங்கள் இன்னும் அதைச் சொல்லவே இல்லை என்று தோன்றுகிறது. எனக்கு விவரம் தெரியவில்லை அத்தான். ஏதாவது செய்யுங்கள்.

கனகவள்ளி

*

தாராவி
28-7-1967

அன்புள்ள கனகவள்ளிக்கு,

டப்பாவைக் கொடுக்கவில்லை. குர்லா பக்கம் தண்டவாளத்தில் தண்ணீர் நின்று லோக்கல் ஓடவில்லை, அதனால் உல்லாஸ்நகர் போக முடியாமல் வீட்டிலேயே கிடந்தேன். இல்லாவிட்டால் அன்றே தொலைத்திருப்பேன்.

உன் கடிதம் நேற்று மத்தியானம் வந்தது. படித்தேன். அடி வாங்கின பெண்ணுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, அதைப் பார்த்துக்கொண்டே தாலி கட்டினவன் நான் என்று ஆகப் போகிறது. மேளத்தைக் குறைத்து உன்னை எல்லார் முன்னாலும் நிறுத்தினதும் நான்தான். நிறுத்திவிட்டு டப்பாவை அமர்த்திக்கொண்டு ஓடி வந்துவிட்டேன். பாதியில் விட்ட காரியம்; நான் போய்ப் பேசாமல் டப்பாவைத் தொலைக்க நினைத்ததால்தான் அந்தக் குரல் உன் ஞாபகத்திலிருந்து போயிருக்கிறது. உன் முதல் கடிதத்தை எடுத்து மறுபடி பார்த்தேன். அதில் எழுத்து அப்படியே இருக்கிறது. குரல் தூண் பக்கத்திலிருந்து வந்தது, சளி பிடித்த குரல் என்று எழுதியிருந்தாய். எனக்கு மழையில் நனைந்து மூன்று நாளாக மூக்கு அடைத்திருக்கிறது. அதற்கு மேல் நான் யோசிக்கவில்லை. செருப்பைக்கூட மறந்துவிட்டு மாதுங்காவுக்கு நடந்தே போனேன்.

நம்பிராஜன் என்னைப் பார்த்து, "ஹார்னைத்தான் அன்னைக்கே கொண்டு போயிட்டீரே" என்றார். ஒரு ஒயரை விட்டுவிட்டேன் என்றேன். வழி முழுக்க என்ன கேட்பது என்றுதான் யோசித்துக்கொண்டு போனேன். மேடையில் பேசுகிறவர்களுக்கெல்லாம் மைக் பிடித்திருக்கிறேனே, அதில் நல்ல நல்ல வார்த்தையாகப் பொறுக்கி வைத்திருந்தேன். தூண் பக்கம் நின்றேன். திருப்பினேன். ஐயர் வந்தார், உன் அப்பா வந்தார், தவில் வந்தது. சின்னத் திருகைக் குறைத்துக் கட்டைவிரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டேன். நீ சொன்னாய். இந்தத் தடவை நான் அமர்த்தவில்லை. உன் அப்பா "ஏட்டி" என்று வந்தார். உன் வளையல் குலுங்குவது கேட்டது. நீ முகத்தை மறைத்துக்கொண்டாய் போல.

டப்பாவை வாய்க்கு நேராகப் பிடித்தேன். பொறுக்கி வைத்த வார்த்தை ஒன்றுகூட வரவில்லை. வந்தது என்ன தெரியுமா? பழக்க தோஷம். "ஃபூ, ஃபூ" என்று ஊதினேன். "ஹலோ, ஹலோ, மைக் டெஸ்டிங்" என்றேன். எனக்கே நாக்கைக் கடித்துக்கொள்ளலாம் போல இருந்தது. மண்டபம் முழுக்க ஒரே சிரிப்பு. சின்னப் பிள்ளைகளிலிருந்து ஐயர் வரை சிரித்தார்கள். என் மானம் போயிற்று என்று நினைத்தேன். ஆனால் அடி விழுந்த சத்தம் கேட்கவில்லை, கனகவள்ளி. காது கொடுத்துக் கேட்டேன். கேட்கவில்லை.

அப்புறம் பேசினேன். இப்படித்தான் சொன்னேன்: "கனகவள்ளி, நான் வெயிலுமுத்து பேசுதேன். உனக்கு இதுல இஷ்டமான்னு யாரும் கேக்கல. நானும் கேக்கல. இப்பம் கேக்கேன். இஷ்டம் இல்லன்னா சொல்லு, நான் எந்திரிச்சுப் போயிருதேன். உன் மேல ஒரு கை படாது. அதுக்கு நான் பொறுப்பு."

அவ்வளவுதான். எனக்கு வேறு ஒன்றும் தோன்றவில்லை. கை வியர்த்து ஊற்றியது, கட்டைவிரல் வழுக்கிவிட்டது, மேளம் மறுபடி கிளம்பிவிட்டது. நீ என்னவோ சொன்னாய், அது மேளத்துக்கு அடியில் போய்விட்டது. திருகைத் தேடுவதற்குள் டப்பா ஜில்லென்று ஆகிவிட்டது. அதன் பிறகு ஒரு சத்தமும் அதில் வரவில்லை. சட்டைக்குள் வைத்துச் சூடாக்கிப் பார்த்தேன். இனி வராது என்றுதான் நினைக்கிறேன்.

தாலி கட்டினதாக முதல் கடிதத்தில் எழுதியிருந்தாய், ஆனால் இதற்குள் எது மாறியிருக்குமோ, நீ என்ன பதில் சொன்னாய் என்று எனக்குத் தெரியாது. வேண்டாம் என்று சொல்லியிருந்தால் நான் எழுந்து போயிருப்பேன். அப்படிப் போயிருந்தால் இந்தக் கடிதம் யாருக்குப் போகிறது? கொடியில் உன் நீலச் சேலை காய்கிறது. வீட்டுக்கு வந்ததிலிருந்து அதைப் பார்த்துக்கொண்டேதான் இருக்கிறேன். அது அங்கே இருக்கும்வரை நீ என் பெண்டாட்டிதான் என்று வைத்துக்கொண்டிருக்கிறேன்.

சீக்கிரம் ஒரு வரி எழுது.

வெயிலுமுத்து

*

செம்பூர்
6-8-1967

அன்புள்ள அத்தான்,

உங்கள் கடிதம் வந்த அன்று எனக்கு வலி எடுத்துவிட்டது. அதனால்தான் உடனே எழுத முடியவில்லை. பெண் குழந்தை. நானும் அவளும் சுகம். அவள் அழுத அழுகை தேவ்நார் வரைக்கும் கேட்டிருக்கும் என்று அம்மா சொல்கிறாள். சத்தத்தில் உங்கள் வாரிசுதான்.

கடிதத்தைப் பிரிப்பதற்கு முன்பே எனக்கு எல்லாம் திரும்பிவிட்டது. அதற்கு இரண்டு நாள் முன்னால், அம்மாவோடு அரிசி புடைத்துக்கொண்டிருந்தபோது காதுக்குள் "ஃபூ, ஃபூ" என்று கேட்டது. முறத்தை வைத்துவிட்டுச் சிரித்தேன். அம்மாவும் சிரித்தாள். "அந்த ஹலோ ஹலோவை நினைச்சியா?" என்றாள். அறை விட்டதாகத் தான் சொன்னதே அவளுக்கு ஞாபகம் இல்லை; உங்களுக்கு எழுதினதாலோ என்னவோ எனக்கு மட்டும் அது நிற்கிறது. கன்ன எரிச்சலும் போய்விட்டது. பிறகு உங்கள் கடிதத்தைப் படித்தேன். ஒரு எழுத்து பிசகாமல் அதே வார்த்தைதான். "அதுக்கு நான் பொறுப்பு" என்ற இடத்தில் உங்கள் மூக்கு உறிஞ்சினதும்கூடக் கேட்டது, அதை மட்டும் நீங்கள் எழுதவில்லை. ஜனங்கள் சிரித்ததை நான் உங்களிடம் எழுதாமல் விட்டது வேண்டுமென்றுதான். அது உங்களாக வர வேண்டும் என்று இருந்தேன். அந்தச் சிரிப்பில்தான் அப்பாவின் கை இறங்கியது. எனக்கும் பயம் விட்டது. இவ்வளவு பெரிய சபையில் மானத்தை விட்டு எனக்காக ஊதுகிறவன் கெட்டவனாக இருக்க மாட்டான் என்று நினைத்துக்கொண்டேன்.

பூலோகம் அண்ணன் குழந்தையைப் பார்க்க வந்தார். "பொண்ணு மனசைச் சொல்லட்டும்னுதான் நான் மேளத்தை நிறுத்துனேன்" என்று அப்பாவிடம் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தார். இப்போது அப்படிச் சொல்லிச் சொல்லியே அவருக்கு ஆவணிக்கு நிறைய முகூர்த்தம் வருகிறதாம். நீங்கள் ஒன்றும் சொல்லி வைக்காதீர்கள்.

அப்பா குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு, "அந்த மைக் செட்டுக்காரரை வரச் சொல்லு, பிள்ளை அழுதா அவருதான் வால்யூமைக் குறைக்கணும்" என்றார். இதைக் கூப்பிட்டதாக எடுத்துக்கொள்ளுங்கள். இதற்கு மேல் அவருக்கு வராது.

அத்தான், எனக்கு ஒரு வருத்தம் இருக்கிறது. நான் உங்களோடு வாழ்ந்த இரண்டு வருஷத்தை நீங்கள் வாழவில்லை. தலையணை, பாட்டு, சண்டை, ஜுஹு கடற்கரையில் நீங்கள் என் செருப்பைத் தொலைத்தது, எதுவும் உங்களிடம் இல்லை. நான் பேசாமல் இருந்த இரண்டு வருஷம்தான் உங்களிடம் இருக்கிறது. இது நியாயமா என்று எனக்குத் தெரியவில்லை. யார் மேல் கோபப்படுவது என்றும் தெரியவில்லை. அந்த இன்னொருத்தியிடம் நீங்கள் பட்ட பாட்டை நினைத்தால் மனசு கஷ்டமாக இருக்கிறது. நீங்கள் வாருங்கள். உட்கார வைத்து ஒவ்வொன்றாகச் சொல்கிறேன். நீங்கள் அந்த வீட்டில் எப்படி இருந்தீர்கள் என்று எனக்குச் சொல்லுங்கள். அவளும் நான்தானே, நானும் தெரிந்துகொள்கிறேன்.

நீலச் சேலையைக் கொடியிலிருந்து எடுத்து மடித்து வையுங்கள், மழையில் சாயம் போய்விடும்.

நான் என்ன பதில் சொன்னேன் என்று கேட்டிருந்தீர்கள். வந்தால்தான் சொல்வேன் என்று எழுத நினைத்தேன். ஆனால் சேலையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறீர்கள் என்று எழுதினீர்களே, அதைப் படித்த பிறகு மனசு வரவில்லை. நீங்கள் "ஹலோ, ஹலோ" என்றீர்கள். இஷ்டமா என்று கேட்டீர்கள். பிறந்ததிலிருந்து என்னை யாரும் கேட்காத கேள்வி அது. மேளம் கிளம்பிவிட்டது. நான் உங்கள் காதுக்குப் பக்கத்தில் குனிந்து சொன்னேன்:

"கேக்குது. கட்டுங்க."

உங்கள்,
கனகவள்ளி